கட்டை உட்காரும் எலும்பு

எனக்குப் பொறுமை கிடையாது. அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பிறகு யாரும் என்னைக் குறை சொல்லக் கூடாது. எலும்பு உடைந்து ஆஸ்பத்திரியில் கிடந்தபோது எல்லாரும் எனக்குப் பொறுமையைத்தான் மருந்தாகக் கொடுத்தார்கள். டாக்டரம்மா பொறுமை என்றார், நர்ஸ் பொறுமை என்றார், பக்கத்துக் கட்டில்காரி கூடப் பொறுமை என்றாள். கேட்டுக் கேட்டு அந்த வார்த்தையே எனக்கு அலுத்துப்போய்விட்டது. இப்போது மலையிலேயே பிள்ளைகள் தங்கிப் படிக்கிற ஹாஸ்டலில் சமையல் வேலை பார்க்கிறேன். பிள்ளைகள் பள்ளிக்குப் போன பிறகு கொஞ்சம் நேரம் கிடைக்கிறது. எட்டாவது வரை படித்ததை வைத்துக்கொண்டு இதை எழுதுகிறேன். மலைப்பாதையில் யாராவது விழுந்தால் பக்கத்தில் இருப்பவன் இன்னமும் முதல் வேலையாகக் கையைப் பிடித்து இழுக்கிறான். அப்படி இழுக்காதீர்கள் என்று சொல்லத்தான் இத்தனை எழுத்தும்.

எங்கள் ஊர் ஜவ்வாது மலையில், ஒடுகத்தூர்ப் பக்கம் இறங்கும் ஒற்றையடிப் பாதையின் உச்சியில் இருக்கிறது. நான் சொல்வது எழுபதுகளின் கடைசியில் நடந்தது. அப்போது ரோடு கிடையாது. நடக்க முடியாத நோயாளியை டோலியில்தான் இறக்குவோம். நீளமான மூங்கில் கட்டை, அதில் தூளி மாதிரி கட்டிய கம்பளி, முன்னால் ஒரு தோள், பின்னால் ஒரு தோள், அவ்வளவுதான் டோலி. மாற்றுத் தோள் கொடுக்க ஆட்கள் கூடவே நடப்பார்கள். டோலி கிளம்பினால் வீட்டுக்கு ஒரு தோள் வரவேண்டும் என்பது ஊர் வழக்கம். பேச்சுவார்த்தை இல்லாத வீட்டு நோயாளியாக இருந்தாலும் வரவேண்டும். வராத வீட்டை யாரும் திட்டமாட்டார்கள். ஆனால் ஊர்க்கூட்டத்தில் அந்த வீட்டின் பேச்சு எடுபடாது.

என் புருஷன் காய்ச்சலில் போய்ச்சேர்ந்த பிறகு என் வீட்டில் தோள் இல்லை. எங்களுக்குப் பிள்ளையும் கிடையாது. உன் வீட்டுக்கு இனிமேல் தோள் வேண்டாம், விட்டுவிடு என்று ஊரில் பெருந்தன்மையாகச் சொன்னார்கள். அந்தப் பெருந்தன்மை எனக்குப் பிடிக்கவில்லை. அதை ஒத்துக்கொண்டால் நாளைக்கு என் வீட்டையே ஊர்க்கணக்கில் சேர்க்கமாட்டார்கள். புளி மூட்டையும் விறகுக் கட்டும் சுமக்கிற தோள் மூங்கில் கட்டையைச் சுமக்காதா என்று நானே போய் நின்றேன். முதலில் சிரித்தார்கள். பிறகு சிரிப்பதற்கும் அலுத்துப்போய் விட்டுவிட்டார்கள்.

ஐப்பசி அடைமழையில் என் கொழுந்தன் பொன்னனின் பெண்டாட்டி லச்சுமிக்கு வலி கண்டது. தலைச்சன் பிள்ளை. முந்தின நாள் சாயங்காலம் பிடித்த வலி, விடிந்தும் பிள்ளை இறங்கவில்லை. பிரசவம் பார்க்கிறவள் கையைத் துடைத்துக்கொண்டு, என்னால் ஆகாது, கீழே கொண்டுபோங்கள் என்றாள். டோலி கட்டினார்கள். என் வீட்டுத் தோளாக நான் போனேன்.

பாதி மலை இறங்கியிருப்போம். முன்கட்டை என் வலது தோளில் இருந்தது, பின்கட்டை பொன்னனிடம். பாறையில் பாசி படிந்திருந்தது. கால் வழுக்கியது. கட்டையை விட்டுவிட்டுக் கையை ஊன்றியிருந்தால் தப்பியிருப்பேனோ என்னவோ, ஆனால் உள்ளே ஒரு பிள்ளைத்தாய்ச்சி கிடக்கிறாளே. கட்டையைப் பிடித்தபடியே வலது தோள் பாறையில் இடிக்க விழுந்தேன். பின்னாலிருந்தவன் சமாளித்துக்கொண்டான். லச்சுமி கம்பளியோடு மெதுவாகத் தரையில் உட்கார்ந்தாள், அடி ஒன்றும் படவில்லை. எனக்குத்தான் கழுத்துக்குக் கீழே ஏதோ முறிந்த சத்தம் கேட்டது. தோள் முன்பக்கமாகத் தொங்கிப்போயிற்று. வலி சொல்ல முடியாது. ஆனால் விரல்களை மடக்க முடிந்தது. அது எனக்கு நன்றாக நினைவிருக்கிறது, ஏனென்றால் மடக்கிப் பார்த்துவிட்டு, கை தப்பித்தது என்று நினைத்தேன்.

டோலி தூக்குகிற எங்கள் ஆட்களுக்குத் தோள் மூட்டு நழுவுவது புதிதல்ல. நழுவினால் ஆளை மல்லாக்கப் படுக்கவைத்து, அக்குளில் குதிகாலை வைத்து, கையை நீட்டி இழுப்பார்கள். மூட்டு உள்ளே போய்விடும். ஆளும் எழுந்து கட்டையைத் தூக்கிக்கொண்டு போவான். பொன்னன் அதில் கெட்டிக்காரன் என்று பெயர் வாங்கியவன். அவன் ஓடி வந்து என் தொங்கின தோளைப் பார்த்தான். டோலியில் அவன் பெண்டாட்டி கத்திக்கொண்டிருந்தாள்.

"எறங்கிடுச்சி அண்ணி. ஒரு இழு இழுத்தா சரியாப் பூடும்" என்றான்.

வேண்டாம் என்று சொல்லக்கூட எனக்கு வாய் வரவில்லை. குதிகாலை வைத்தான், இழுத்தான். உள்ளே ஒன்றோடொன்று உரசியது. கண் இருட்டிக்கொண்டு வந்தது. தெளிந்து பார்த்தால் வலது கை என்னோடு இல்லை. தொங்குகிறது, தெரிகிறது, ஆனால் கிள்ளினால் உறைக்கவில்லை. விரலை மடக்கச் சொன்னால் மடங்கவில்லை. தோளும் சரியாகவில்லை, முன்னைவிடக் கோணலாக நின்றது. பொன்னன் முகம் வெளுத்துப்போயிற்று. என் இடத்தில் வேறொருவன் கட்டையை எடுத்தான். நான் இடது கையால் வலது முழங்கையைத் தாங்கிக்கொண்டு டோலிக்குப் பின்னால் நடந்தே இறங்கினேன்.

ஒடுகத்தூரில் வேர்க்கடலை மூட்டை ஏற்றிய லாரி ஒன்று நின்றிருந்தது. அந்த டிரைவர் புண்ணியவான். மூட்டைகளுக்கு நடுவில் லச்சுமியைப் படுக்கவைத்து, என்னைத் தன் பக்கத்தில் உட்காரவைத்து, பள்ளம் வரும்போதெல்லாம் வண்டியை மெதுவாக உருட்டிக்கொண்டே மிஷன் ஆஸ்பத்திரியில் கொண்டுபோய் விட்டார். ஆஸ்பத்திரி வாசலில் பொன்னன் என் காதருகே குனிந்து, தான் இழுத்ததைச் சொல்லவேண்டாம், அடிபட்ட கேஸ் என்றால் போலீஸுக்கு எழுதுவார்களாம் என்றான். அன்றைக்குத்தான் அவனோடு பேச்சை நிறுத்தினேன்.

லச்சுமியை உடனே மாடிக்குக் கொண்டுபோய்விட்டார்கள். என்னை ஒரு பெஞ்சில் உட்காரவைத்தார்கள். ஆஸ்பத்திரியில் பாதி நோய் இந்தப் பெஞ்சில்தான் வருகிறது என்று நினைக்கிறேன். ஒரு பெஞ்சிலிருந்து இன்னொரு பெஞ்சு, ஒரு சீட்டிலிருந்து இன்னொரு சீட்டு. எக்ஸ்ரே எடுக்க நிற்கச் சொன்னார்கள். கையை இப்படி வை, அப்படி வை என்றான் படம் எடுக்கிற பையன். வைக்கத் தெரிந்திருந்தால் நான் ஏன் இங்கே வருகிறேன் என்று கேட்டேன். அவன் சிரித்தான். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

டாக்டரம்மா எனக்கு அக்கா வயதிருப்பார். கண்ணுக்குக் கீழே கருவளையம், எந்நேரமும் தூக்கம் போதாத முகம். எக்ஸ்ரேயை ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்து எனக்கும் காட்டினார். இதற்குக் காறை எலும்பு என்று பெயராம். எங்கள் ஊரில் அதற்குப் பெயரே இல்லை, கட்டை உட்காருகிற எலும்பு என்போம். நெஞ்சு நடுவிலிருந்து தோளின் முனை வரைக்கும் தோலுக்கு அடியிலேயே ஓடுகிறது. விரலால் தடவினால் முழுசும் தெரியும். நேராக இருக்காது, லேசாக இரண்டு பக்கமும் வளைந்திருக்கும். கையை உடம்போடு சேர்த்துப் பிடித்திருக்கிற எலும்பு இது ஒன்றுதான் என்றார். மற்றதெல்லாம் தசையின் பிடி. தோளை மார்பிலிருந்து விலக்கி நிறுத்துகிற முட்டுக்கட்டை அது. அந்த முட்டு இருப்பதால்தான் கையை மேலே தூக்கவும் சுழற்றவும் முடிகிறது. முட்டு முறிந்தால் தோள் முன்னாலும் கீழேயும் சாய்ந்துவிடும். என் தோள் தொங்கியது அதனால்தான்.

இது சாதாரணமாக உடைகிற எலும்புதான் என்றும் சொன்னார். தோள் இடிக்க விழுந்தால் அடி அந்த எலும்பு வழியாகப் போகிறது. நடுப்பகுதிதான் மெல்லிசு, அங்கே தாங்கிக்கொள்ளப் பெரிய தசையும் இல்லை, அதனால் பெரும்பாலும் நடுவில்தான் முறியும். தோள் முனையில் முறிவது குறைவு, நெஞ்சுப் பக்கம் முறிவது அதைவிடக் குறைவு. முக்கால்வாசிப் பேருக்குத் தோள்களைப் பின்னால் இழுத்து எட்டுப் போட்ட மாதிரி ஒரு கட்டுக் கட்டி, கையைத் தூளியில் தொங்கவிட்டால் தானாக ஒட்டிக்கொள்ளும். ஒட்டின இடத்தில் ஒரு முண்டு நிற்கும், அவ்வளவுதான்.

"அப்ப எனக்கு ஏம்மா கை மரத்துப் போச்சு?" என்று கேட்டேன்.

அந்த எலும்புக்கு அடியில்தான் கைக்குப் போகிற ரத்தக்குழாயும் நரம்புகளும் ஒரு கொத்தாகப் போகின்றன என்றார். பிறகு அவர் கேட்டதுதான் முக்கியமான கேள்வி. மரத்தது விழுந்தவுடனேயா, பிறகா? எனக்கு அப்போது வலியில் தலை சுற்றிக்கொண்டிருந்தது. நான் வாயைத் திறப்பதற்குள் பின்னால் நின்ற பொன்னன், விழுந்ததுமேதான் என்றான். டாக்டரம்மா அதை எழுதிக்கொண்டார். விழுந்த வேகத்தில் நரம்பு இழுபட்டிருக்கும், காத்திருந்து பார்ப்போம் என்றார்.

அவனைப் பொய்யன் என்று அங்கேயே சொல்லியிருக்கலாம். மாடியில் அவன் பெண்டாட்டி செத்துப் பிழைத்துக்கொண்டிருக்கிறாள், இவனைப் போலீஸில் மாட்டிவிட்டு எந்த முகத்தோடு நான் மலையேறுவது? அந்தப் பொய்யால் வைத்தியமே மாறிப்போகும் என்று எனக்குத் தெரியாது.

பெண்கள் வார்டில் கட்டில் கொடுத்தார்கள். தோள்களைப் பின்னால் இழுத்துப் பஞ்சு வைத்து எட்டுக்கட்டுப் போட்டார்கள். முதுகு நடுவில் ஒரு மணல் பையை வைத்து மல்லாக்கப் படு என்றார்கள். பிறந்ததிலிருந்து ஒருக்களித்துச் சுருண்டு படுத்தவள் நான். மல்லாக்கப் படுத்தால் செத்தவள் மாதிரி இருக்கிறது. விட்டத்தையே பார்த்துக்கொண்டு கிடந்தேன். ரொட்டியும் பாலும் கொடுத்தார்கள். ரொட்டி வாயில் ஒட்டிக்கொண்டு உயிரை வாங்கியது. பொன்னன் எங்கோ ஒரு வீட்டில் கெஞ்சிக் கேட்டுக் கேழ்வரகுக் களி வாங்கி வந்து கட்டில் பக்கத்தில் வைத்துவிட்டுப் போனான். அவன் கொண்டுவந்தது என்பதால் முதலில் தொடவில்லை. பிறகு பசி வென்றது.

ஸ்டெல்லா சிஸ்டர் என்று ஒரு நர்ஸ். சந்தவாசல் பக்கத்துப் பெண், எங்கள் மலையை அடிவாரத்திலிருந்து பார்த்தே வளர்ந்தவள். மணிக்கட்டில் நாடி பார்ப்பாள், பிறகு ஒரு குண்டூசியை எடுத்து ஒவ்வொரு விரல் நுனியிலும் குத்துவாள்.

"வலிக்குதா காசியம்மா?"

"இல்ல."

"இங்க?"

"இல்ல."

வேளைக்கு வேளை இதே பாட்டு. இடது கை விரலில் குத்தினால் சுருக்கென்று துள்ளுவேன். வலது கையில் குத்தினால் வேறு யாருடைய கையையோ குத்துகிற மாதிரி வேடிக்கை பார்த்துக்கொண்டிருப்பேன். எனக்கு உள்ளூரப் பயம் வந்துவிட்டது. புருஷன் இல்லை, பிள்ளை இல்லை. எனக்குச் சோறு போட்டதெல்லாம் அந்தக் கைதான். சாமை அறுக்கவும் புளி உடைக்கவும் அதுதான் வேண்டும். அது போய்விட்டால் பொன்னன் வீட்டு அடுப்படியில் ஒண்டிக்கொண்டு மிச்ச காலத்தை ஓட்டவேண்டும். அதை நினைத்தால் மணல் பைமேல் கிடந்த முதுகு இன்னும் வலித்தது. அழுகையும் வந்தது, அழுதால் தோள் குலுங்கி வலிக்கும், அதனால் அழவும் முடியவில்லை.

லச்சுமிக்குப் பெண் குழந்தை பிறந்தது. ஆயுதம் போட்டுத்தான் எடுத்தார்களாம். தலை வந்த பிறகு தோள் மாட்டிக்கொண்டதாம். தாயும் பிள்ளையும் உயிரோடு இருக்கிறார்கள் என்று ஸ்டெல்லா சிஸ்டர்தான் வந்து சொன்னாள். சொல்லிவிட்டு, எப்படிச் சொல்வது என்று யோசிக்கிற மாதிரி நின்றாள்.

"உங்க வூட்டுக்கு இன்னொரு காறை எலும்பு வந்திருக்கு காசியம்மா. பாப்பாவுக்கும் அதே எலும்பு முறிஞ்சிருக்கு. அதே வலது பக்கம்."

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. பிறந்து ஒரு நாள் ஆகவில்லை, அதற்கும் எலும்பு உடைந்ததா? சிஸ்டர் பதறாமல் சொன்னாள். பிரசவம் சிக்கலானால் குழந்தைக்கு முதலில் உடைவது இந்த எலும்புதானாம். சட்டைக் கையை மார்போடு சேர்த்து ஊக்குக் குத்தி வைத்துவிட்டால் போதும், நமக்கு மாதக்கணக்கில் ஆவது அதற்குச் சீக்கிரத்திலேயே ஒட்டிவிடும். எனக்கு அந்தக் குழந்தைமேல் கொஞ்சம் பொறாமையாகக்கூட இருந்தது.

மறுநாள் டாக்டரம்மா வார்டுக்கு வந்து என் நாடியைப் பார்த்துக்கொண்டிருந்தபோது பொன்னன் கதவருகில் வந்து நின்றான். சட்டைப் பட்டனெல்லாம் மாறிப் போட்டிருந்தான். தாடி வளர்ந்திருந்தது. ஆண்கள் இப்போது வரக்கூடாது என்று ஆயா விரட்டினாள். அவன் நகரவில்லை. வார்டு முழுக்கக் கேட்கிற மாதிரி அங்கிருந்தபடியே பேசினான்.

"நான்தான் இழுத்தேம்மா. தோளு எறங்கிடுச்சின்னு நெனச்சி அக்குள்ல கால வெச்சி இழுத்தேன். வியுந்தப்ப அண்ணிக்கு வெரலு நல்லாத்தான் மடங்குச்சி. நான் இழுத்ததுக்கு அப்புறந்தான் மரத்துப் போச்சி. நான் பொய் சொல்லிட்டேன். அதுக்குத்தான் சாமி என் கொயந்தையோட எலும்ப ஒடச்சிடுச்சி. என்னை இன்னா வேணாப் பண்ணிக்குங்க."

டாக்டரம்மா திட்டுவார் என்று பார்த்தேன். நான் திட்டியிருப்பேன். அவர் என் கையைக் கீழே வைத்துவிட்டு ஸ்டூலில் உட்கார்ந்தார். பிறகு அவனை உள்ளே வரச் சொன்னார்.

"போலீஸெல்லாம் இல்ல. உங்க குழந்தைக்கு உடைஞ்சது பச்சைக் குச்சி மாதிரி, அதுவா ஒட்டிக்கும். அதுல உங்க சாமிக்கு ஒரு வேலையும் இல்ல" என்றார். "ஆனா இவங்க விரல் முதல்ல மடங்குச்சுங்கறதை நீங்க இன்னைக்காவது சொன்னீங்களே."

பிறகு அவன் கையை எடுத்து அவன் தோளிலேயே வைத்தார். டோலி தூக்குகிறவர்களுக்கெல்லாம் கட்டை உட்காருகிற இடத்தில் தோல் காய்ப்புக் காய்ச்சியிருக்கும். அந்தக் காய்ப்பைத் தாண்டி எலும்பைத் தடவச் சொன்னார். நெஞ்சு நடுவில் ஆரம்பித்துத் தோள் முனை வரைக்கும் ஒரே விரலால் தடவு, எங்கேயாவது பள்ளம், மேடு, தொட்டால் உயிர் போகிற வலி இருந்தால் அது முறிவு, மூட்டு நழுவினது அல்ல என்றார். மூட்டு நழுவினால் தோளின் உருண்டையே காணாமல் போய், அந்த இடம் தட்டையாக நிற்குமாம். அப்படியே நின்றாலும் நீ இழுக்காதே, கையை மார்போடு துணியால் கட்டிக் கொண்டுவா என்றார். பொன்னன் நாலைந்து முறை தடவிப் பார்த்துக்கொண்டான்.

வைத்தியம் அன்றைக்கே மாறியது. விழுந்தபோது விரல் மடங்கியது என்றால் நரம்பு அறுந்திருக்காது, இழுத்ததில் உடைந்த எலும்பு முனை திரும்பி நரம்பை அழுத்திக்கொண்டிருக்கிறது. அதை விலக்கிவிட்டால் கை வர வழியிருக்கிறது. தள்ளிப்போட்டால் வராமலே போகலாம். ஆபரேஷன் என்றார்கள். திறந்து பார்த்து, எலும்பை நரம்பின் மேலிருந்து தூக்கி, நேராக்கி, உள்ளே ஒரு கம்பி கொடுப்பார்களாம். காகிதத்தில் பொன்னன் கைநாட்டு வைத்தான். உயிருக்கு ஒன்றும் ஆகாதே என்று நான் கேட்டதற்கு டாக்டரம்மா சுற்றி வளைக்காமல், அந்த இடத்தில் பெரிய ரத்தக்குழாய் இருக்கிறது, ஜாக்கிரதையாகச் செய்வேன் என்றார். மயக்க மருந்து கொடுக்கும்போது எனக்கு வீட்டில் விட்டுவந்த என் ஆடுகள்தான் நினைவுக்கு வந்தன. யார் அவிழ்த்துவிட்டிருப்பார்கள், யார் அடைத்திருப்பார்கள் என்று நினைத்துக்கொண்டே போய்விட்டேன்.

கண் விழித்தபோது வாயெல்லாம் வறண்டிருந்தது, தோள் எரிந்தது. ஸ்டெல்லா சிஸ்டர் குண்டூசியோடு வந்தாள். கட்டைவிரலில் குத்தினாள். எங்கோ தூரத்தில் ஒரு சின்னக் கடி தெரிந்தது.

"வலிக்குதுன்னு நெனைக்கிறேன்" என்றேன்.

அவள் முகத்தில் சிரிப்பு வந்ததே, பார்க்கணும். எனக்கு வலிக்கிறது என்று சொல்லி ஒருத்தர் சந்தோஷப்பட்டது என் வாழ்க்கையில் அதுதான் முதல் தடவை. பிறகு ஆட்காட்டி விரல் வந்தது, நடுவிரல் வந்தது, மோதிர விரல் பாதி வந்தது. சுண்டு விரல் மட்டும் வரவில்லை. அதில் எவ்வளவு குத்தினாலும் மரக்கட்டைதான்.

ஆபரேஷனுக்குப் பிறகு கையைத் தூக்கக் கூடாது என்பதால் தலை சீவ முடியவில்லை. மயிர் சிக்குப் பிடித்துக் கிடந்தது. லச்சுமி பிள்ளை பெற்ற உடம்போடு சுவரைப் பிடித்துக்கொண்டு மாடியிலிருந்து இறங்கி வருவாள். குழந்தையை என் இடது பக்கத்தில் படுக்கவைத்துவிட்டு என் தலையை மடியில் எடுத்துக்கொண்டு சிக்கெடுப்பாள். எங்கள் இரண்டு பேருக்கும் பேசுகிற தெம்பு இல்லை. ஒரே ஒருநாள் மட்டும், "அக்கா, கட்டையை நீ வுட்டிருந்தா நானும் இல்ல, இதுவும் இல்ல" என்றாள். நான் அவளை வாயை மூடு என்று அதட்டினேன். கண்ணீர் காதுக்குள் போயிற்று, துடைக்கக் கை இல்லை, அவளே துடைத்துவிட்டாள்.

பில்லைப் பற்றி என்ன சொல்வது. பாதியை மிஷன்காரர்கள் விட்டுக்கொடுத்தார்கள், மீதிக்கு அந்த வருஷத்துப் புளி போயிற்று. பொன்னன் தன் மரத்துப் புளியையும் சேர்த்துப் போட்டான் என்பது எனக்குப் பிறகுதான் தெரியும்.

வீட்டுக்கு அனுப்பும்போது டாக்டரம்மா சுண்டு விரலைப் பிடித்துப் பார்த்தார். வரலாம், வராமலும் போகலாம், நரம்பு மெதுவாகத்தான் ஊரும், ஒரு வருஷம் பார்ப்போம் என்றார். வலது தோளில் இனிமேல் எந்தப் பாரமும் கூடாது, எலும்பு ஒட்டினாலும் கூடாது என்றார். எலும்பு ஒட்டிற்று. பிறகு ஒருநாள் போய்க் கம்பியையும் எடுத்துக்கொண்டு வந்தேன். இன்றைக்கும் தொட்டுப் பார்த்தால் நெல்லிக்காய் அளவுக்கு ஒரு முண்டு நிற்கிறது.

ஊரில் எல்லாம் பழையபடி இருந்தது, நான் மட்டும் பழையபடி இல்லை. சுண்டு விரல் பிடிக்காத கையில் அரிவாள் நிற்காது என்று அதுவரை எனக்குத் தெரியாது. அரிவாளின் அடிப்பிடியை அந்த விரல்தான் பிடிக்கிறது. உலக்கையும் நழுவியது. அடுப்பில் அந்த விரல் சுட்டுப் பொத்துப்போனது, கண்ணால் பார்த்த பிறகுதான் தெரிந்தது. எரிச்சலும் அலுப்புமாகவே என் பொழுதெல்லாம் போயிற்று. பொன்னன் தினமும் காலையில் என் வாசலில் வந்து நின்று, "வெரலு எப்படிக்கீது அண்ணி?" என்று கேட்பான். நான் பதில் சொல்லமாட்டேன். அவன் டாக்டரிடம் சொன்னான், சாமியிடம் சொன்னான், என்னிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லையே என்று எனக்கு ஆறவே இல்லை. குழந்தையைத் தூக்கிக்கொண்டு லச்சுமி வந்தால் பேசுவேன். அவன் வந்தால் முறத்தை எடுத்துப் புடைக்க ஆரம்பித்துவிடுவேன்.

அந்த மழைக்காலத்துக்குப் பிறகு டோலி பல தடவை கிளம்பியது. என்னை யாரும் கூப்பிடவில்லை. என் வீட்டைக் கணக்கிலிருந்து எடுத்துவிட்டார்கள் என்றுதான் நினைத்தேன். மனசு விட்டுப்போயிற்று. லச்சுமிதான் ஒருநாள் பேச்சுவாக்கில் சொன்னாள், ஒவ்வொரு தடவையும் பொன்னன் இரண்டு முறை கட்டை மாற்றுகிறான் என்று. ஒரு முறை அவன் வீட்டுக்கு, இன்னொரு முறை என் வீட்டுக்கு. "இது எங்க அண்ணி வூட்டுத் தோளு" என்று சொல்லிவிட்டுத்தான் இரண்டாவது தடவை கட்டையை எடுப்பானாம். ஒரு பயல் வழியில் விழுந்து தோள் தொங்கியபோது மற்றவர்கள் இழுக்கப் போனார்களாம். பொன்னன் எல்லாரையும் தள்ளிவிட்டு, நெஞ்சு நடுவிலிருந்து ஒரு விரலால் தடவிக்கொண்டே போய், இவனுக்கு முறிஞ்சது அந்த எலும்பு, கையை மார்போட கட்டுங்க என்றானாம். அந்தப் பயல் இன்றைக்கு மரம் ஏறுகிறான்.

அதைக் கேட்ட பிறகும் நான் அவனோடு பேசவில்லை. எப்படி ஆரம்பிப்பது என்று தெரியவில்லை. கோபம் தணிந்த பிறகும் வாய் திறக்கக் கூச்சமாக இருந்தது.

குழந்தைக்குக் கீழ்ப்பல் இரண்டு முளைத்திருந்த சமயம். அவள் எலும்பு முறிந்ததற்கு அடையாளமே இல்லை, வலது கையால்தான் எல்லாவற்றையும் பிடித்து இழுப்பாள், எதைக் கண்டாலும் வாயில் வைப்பாள். ஒரு காலை நேரம் லச்சுமி அவளை என் மடியில் விட்டுவிட்டுத் தண்ணீருக்குப் போனாள். நான் புளியில் கொட்டை எடுத்துக்கொண்டிருந்தேன். அவள் என் வலது கையைப் பிடித்து, புளி ஒட்டியிருந்த சுண்டு விரலை வாயில் வைத்துச் சப்பினாள். சப்பிக்கொண்டே இருந்தவள் நறுக்கென்று கடித்தாள்.

நான் 'ஆ' என்று கத்திவிட்டேன். கத்தின பிறகுதான் ஏன் கத்தினேன் என்று எனக்கே உறைத்தது.

வாசலில் பொன்னன் நின்றிருந்தான். வழக்கம்போல விரலைப் பற்றிக் கேட்கத்தான் வந்திருந்தான், என் சத்தத்தைக் கேட்டுக் குழந்தைக்கு என்னவோ என்று பதறி உள்ளே வந்தான்.

"பொன்னா" என்றேன். பேச்சை நிறுத்திய பிறகு அவன் பெயரை அன்றைக்குத்தான் சொன்னேன். "உம் பொண்ணு கடிச்சிட்டா. வலிக்குது."

அவன் என் முன்னால் தரையில் உட்கார்ந்தான். விரலை வாங்கி வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தான். இரண்டு சின்னப் பல் தடம் சிவப்பாக இருந்தது. அவன் உதடு கோணியது. கன்னத்தில் தண்ணீர் இறங்கியது, துடைத்துக்கொள்ளவில்லை.

"என்னை மன்னிச்சிடுங்க அண்ணி" என்றான். விரலை விடாமலே, "நெஜமாவே வலிச்சிச்சா? இன்னொரு வாட்டி கடிக்க வெக்கட்டுமா?"

கடிக்க வைத்தோம். வலித்தது.